சியோர்வோன்: எல்லையோரத்து மாவட்டம் ஒரு காலத்தில் தலைநகராக இருந்தது எப்படி?

ஜெலுத்தோங் வாசகர் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். பினாங்கில் நாங்கள் சிலர் கூடி நடத்தும் வரலாற்று வாசிப்பு வட்டத்தின் அடுத்த சந்திப்பில், கொரிய எல்லையை ஒட்டியுள்ள சியோர்வோன் மாவட்டத்தைப் பற்றிப் பேசும் பொறுப்பை ஏற்றிருக்கிறேன். படிக்கப் படிக்க எனக்கு ஐயங்களே பெருகின. வரைபடத்தைப் பார்த்தால் தென்கொரியாவில் ஒரு சியோர்வோன் மாவட்டமும் வடகொரியாவில் இன்னொன்றும் இருக்கின்றன. காங்வோன் மாநிலம் என்றாலே மலைகள்தான் என்று படித்திருக்கிறேன். ஆனால் இந்த மாவட்டத்தின் படங்களில் நம் கெடா மாநிலத்தைப் போல் கண்ணுக்கெட்டிய தூரம் நெல்வயல்களே தெரிகின்றன. எல்லாவற்றையும்விட வியப்பளிப்பது, 10ஆம் நூற்றாண்டில் குங்-யே என்ற அரசன் இங்கே தன் தலைநகரை அமைத்தான் என்ற செய்தி. இன்று சுமார் 40,000 பேர் மட்டுமே வாழ்கிற, கணிசமான பகுதிக்குள் படையினரின் அனுமதியின்றி நுழைய முடியாத இந்தத் தொலைதூர மூலையை ஓர் அரசன் ஏன் தேர்ந்தெடுத்தான்? இப்பகுதியைப் பற்றி அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

செந்தூல் புவியியல் ஆசிரியர் எழுதியது:

ஐயா, வணக்கம். உங்கள் கடைசிக் கேள்வியிலுள்ள "தொலைதூர மூலை" என்ற சொற்களிலிருந்தே தொடங்க விரும்புகிறேன். கொரியத் தீபகற்பம் முழுவதையும், நடுவில் எந்தக் கோடும் இல்லாத ஒரு வரைபடத்தில் எடுத்துப் பாருங்கள். சியோர்வோன் ஏறத்தாழ அதன் நடுவிலேயே இருக்கிறது. சியோலிலிருந்து வடகிழக்காக, கீழைக்கடலின் (ஜப்பான் கடலின்) கரையிலுள்ள வொன்சான் துறைமுகத்தை நோக்கி, மலைகளுக்கு இடையே ஒரு நீண்ட பள்ளத்தாக்கு செல்கிறது. மேற்கிலிருந்து கிழக்குக் கரைக்குப் போக இதைவிட எளிதான இயற்கை வழி அப்பகுதியில் இல்லை. அந்த வழியின் நடுவே அமைந்த அகன்ற சமவெளிதான் சியோர்வோன்.

சமவெளி எப்படி உருவானது என்பதும் தனிச்சிறப்புடைய கதை. இன்று வடகொரியாவில் இருக்கும் பியோங்காங் பகுதியில் ஓரிசான் என்ற தாழ்வான எரிமலை உள்ளது. சில இலட்சம் ஆண்டுகளுக்கு முன்பு அதிலிருந்தும் அதன் அருகிலிருந்த வாய்களிலிருந்தும் பலமுறை எரிமலைக் குழம்பு பொங்கி வழிந்தது. வானுயரக் கூம்பு மலையாகக் குவியாமல், நீர்த்தன்மை மிகுந்த அக்குழம்பு பழைய ஹான்தான் ஆற்றின் பள்ளத்தாக்கு வழியே தெற்கு நோக்கி ஓடி, இம்ஜின் ஆறு வரை 100 கிலோமீட்டருக்கு மேல் பரவி, தாழ்வான இடங்களையெல்லாம் நிரப்பிச் சமமாக்கிவிட்டது. மலைகளால் சூழப்பட்ட மேசை போன்ற அந்த நிலமே நீங்கள் படங்களில் பார்த்த வயல்வெளி.

தன் பாதையை இழந்த ஆறு, குழம்பு இறுகி உருவான பசால்ட் பாறைக்கும் பழைய கருங்கல்லுக்கும் (கிரானைட்) இடையே புதிய வழியை அறுத்துக்கொண்டது. ஆகவே கோசோக்ஜோங் போன்ற இடங்களில் ஒரு கரையில் கருங்கல்லும் மறு கரையில் கருமையான எரிமலைப் பாறையும் நிற்பதைக் காணலாம். குழம்பு குளிர்ந்து சுருங்கும்போது விரிசல் விட்டு உருவான அறுகோணத் தூண்கள் கரைச்சுவர்களில் வரிசையாகத் தெரிகின்றன. 2020இல் யுனெஸ்கோ இவ்வாற்றுப் பகுதியை உலகப் புவிப்பூங்காவாக ஏற்றுக்கொண்டது.

இதில் உழவர்களுக்கு ஒரு பெரிய தொல்லையும் உண்டு, இதைப் பலர் குறிப்பிடுவதில்லை. ஆறு வயல்மட்டத்துக்கு மிகக் கீழே, செங்குத்தான பள்ளத்துக்குள் ஓடுகிறது. விளிம்புக்குப் போய் எட்டிப் பார்த்தால்தான் ஆறு இருப்பதே தெரியும். எனவே அந்த நீரை நேரடியாக வயலுக்குப் பாய்ச்ச இயலாது. உயரமான வடக்குப் பக்கத்தில் நீரைத் தேக்கி வாய்க்கால் வழியே கொண்டுவர வேண்டும். ஜப்பானியர் ஆட்சிக் காலத்தில் வடக்கே பொங்னே நீர்த்தேக்கம் அந்தப் பணியைச் செய்தது. நாடு பிளவுபட்டபோது வயல்கள் தெற்கிலும் தண்ணீர் வடக்கிலும் ஆயின. தெற்குப் பகுதியினர் 1970களில் தோக்யோ நீர்த்தேக்கத்தைக் கட்டியதற்கு இதுவே காரணம். சந்திப்பில் நேரம் குறைவாக இருந்தாலும் இந்த நீர்ப் பங்கீட்டுச் செய்தியை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

குளிரைப் பற்றியும் ஒரு வரி. நான்கு பக்கமும் மலை சூழ்ந்த மேட்டுநிலம் என்பதால் குளிர்ந்த காற்று அங்கேயே தேங்குகிறது. 2001 ஜனவரியில் அங்கே வெப்பநிலை மைனஸ் 29.2 பாகை செல்சியஸுக்கு இறங்கியது.

பிரிக்பீல்ட்ஸ் வரலாற்று மாணவி எழுதியது:

ஆசிரியர் ஐயா அளித்த புவியியல் விளக்கத்தோடு, தலைநகர் பற்றிய வரலாற்றைச் சேர்க்க விரும்புகிறேன்.

9ஆம் நூற்றாண்டின் இறுதியில், தீபகற்பத்தின் பெரும்பகுதியை ஆண்டுவந்த சில்லா அரசு தளர்ந்து, வரி கொடுக்க இயலாத குடிமக்கள் ஆங்காங்கே கிளர்ந்தெழுந்தபோது தலைதூக்கியவர்களில் ஒருவர் குங்-யே. அவர் சில்லா அரச குடும்பத்தில் பிறந்தவர் என்றும், குழந்தையிலேயே ஒரு கண்ணை இழந்தவர் என்றும், பௌத்தத் துறவியாக வளர்ந்தவர் என்றும் மரபுச் செய்திகள் கூறுகின்றன. 901இல் தம்மை அரசராக அறிவித்துக்கொண்ட அவர், 905இல் தலைநகரைச் சோங்காக் என்று அப்போது அழைக்கப்பட்ட இன்றைய கேசோங்கிலிருந்து சியோர்வோனுக்கு மாற்றினார். 911இல் நாட்டுக்குத் தேபோங் என்ற பெயரைச் சூட்டினார். சோங்காக் செல்வாக்குமிக்க வணிகக் குடும்பங்களின் ஊர். எந்தக் குடும்பத்துக்கும் கடன்படாத ஒரு புதிய நகரம், நெல் விளையும் பரந்த நிலம், நாற்புறமும் காவலாக மலைகள், கிழக்குக்கும் மேற்குக்கும் பாதை ஆகிய அனைத்தும் ஓரிடத்தில் கிடைக்கும்போது அவர் ஏன் தயங்க வேண்டும்? அது அறிவுள்ள தேர்வு என்றே நான் கருதுகிறேன்.

ஆனால் 918இல் அவருடைய தளபதி வாங் கொன் ஆட்சியைக் கைப்பற்றி, கோரியோ என்ற புதிய அரசை அதே சியோர்வோனில் நிறுவினார். மறு ஆண்டே தலைநகர் சோங்காக்குக்குத் திரும்பியது, ஏனெனில் அது வாங் கொன்னின் சொந்த ஊர். குங்-யே தம்மையே மைத்ரேய புத்தராக, அதாவது வருங்காலத்தில் தோன்றவிருக்கும் புத்தராக, அறிவித்துக்கொண்ட கொடுங்கோலர் என்று நாம் படிக்கும் வரலாறு, அவரை வீழ்த்திய கோரியோ அரசின் அவையில் 1145இல் தொகுக்கப்பட்டது. வென்றவர்கள் எழுதியதை அப்படியே ஏற்க எனக்கு மனம் ஒப்பவில்லை. உங்கள் வாசிப்பு வட்டத்திலும் இதைக் கட்டாயம் சொல்லுங்கள், ஐயா.

அந்நகரின் இடிபாடுகள் இன்று இரு நாடுகளுக்கும் இடையேயான இராணுவமற்ற பகுதிக்குள் உள்ளன. 12 கிலோமீட்டருக்கு மேல் சுற்றளவு கொண்ட வெளிமதிலைக் கிழக்கு மேற்காக இராணுவ எல்லைக் கோடு வெட்டிச் செல்கிறது. பழைய இரயில் பாதை வடக்கு தெற்காக வெட்டிச் செல்கிறது. காலனிய காலத்து ஒளிப்படங்களில் ஓர் அழகிய கல்விளக்கைக் காணலாம். கண்ணிவெடிகள் இருப்பதால் எவரும் உள்ளே போக முடியாது. இரு தரப்பும் சேர்ந்து அகழாய்வு நடத்தலாம் என்ற யோசனை பலமுறை எழுந்தும் நிறைவேறவில்லை.

அக்காலத்துக்குச் சற்று முந்திய ஒன்றை மட்டும் நேரில் காணலாம். தோப்பியான்சா என்ற பௌத்தக் கோயிலில் 865ஆம் ஆண்டைக் குறிக்கும் கல்வெட்டெழுத்துகளைத் தாங்கிய இரும்பு புத்தர் சிலை இருக்கிறது. பெருந்தலைவர்கள் அல்லாமல் வட்டாரத்துப் பொதுமக்கள் ஒன்றுகூடி வார்ப்பித்த சிலை அது என்பதை அதன் முதுகில் பொறித்த வாசகமே தெரிவிக்கிறது.

கெப்போங் வாசகர் எழுதியது:

இருவரின் விளக்கங்களும் பயனுள்ளவை. ஆயினும் எல்லாவற்றையும் நிலத்தின் அமைப்பே முடிவு செய்தது என்ற எண்ணம் வாசகர்களுக்கு வந்துவிடக் கூடாது என்பதால் எழுதுகிறேன். சியோர்வோனை மூலையாக்கியது நிலம் அன்று, மனிதர்கள் போட்ட கோடுகள்.

1914இல் சியோலையும் வொன்சானையும் இணைக்கும் இரயில் பாதை திறக்கப்பட்டபோது சியோர்வோன் ஒரு முக்கிய நிலையமாயிற்று. அங்கிருந்து கும்காங் மலைக்குச் சென்ற 116 கிலோமீட்டர் மின்சார இரயில் பாதை 1931இல் முழுமை பெற்றது. வங்கி, பள்ளி, தேவாலயம், பனிக்கட்டிக் கிடங்கு, பட்டுத் தொழில் என்று வளர்ந்த ஊர் அது. 1945 ஆகஸ்ட்டில் அமெரிக்க அதிகாரிகள் இருவர் ஒரு சிறிய அளவிலான வரைபடத்தை வைத்துக்கொண்டு 38ஆவது இணைகோட்டைப் பிரிவுக் கோடாகத் தெரிவு செய்தனர். அந்தக் கோட்டுக்குச் சற்றே வடக்கில் இருந்த ஒரே காரணத்தால் சியோர்வோன் சோவியத் பகுதிக்குப் போனது. இன்று சுவர்கள் மட்டும் குண்டுத் துளைகளோடு நிற்கும் தொழிலாளர் கட்சி அலுவலகம் 1946இல் கட்டப்பட்டது. அந்நாளில் அது வடக்கு ஆட்சியின் கட்டடம். இன்று நிற்பது தென்கொரிய மண்ணில்.

1950இல் தொடங்கிய கொரியப் போரில் சியோர்வோன், கிம்ஹுவா, பியோங்காங் ஆகிய மூன்று ஊர்களும் சேர்ந்த பகுதியை இரும்பு முக்கோணம் என்றழைத்தார்கள். இரயிலும் சாலைகளும் சந்தித்த இடம் என்பதால் இரு தரப்புக்கும் அது தேவைப்பட்டது. 1952 அக்டோபர் 6 முதல் 15 வரை, 395 மீட்டர் உயரமுள்ள வெண்குதிரைக் குன்றுக்காகத் தென்கொரியாவின் 9ஆவது படைப்பிரிவும் சீனப் படையும் போரிட்டன. தாக்குதலுக்குச் சற்று முன் சீனர்கள், ஆசிரியர் மேலே குறிப்பிட்ட அதே பொங்னே நீர்த்தேக்கத்தின் மதகுகளைத் திறந்துவிட்டு, குன்றுக்குப் பின்னால் ஓடும் ஓடையில் வெள்ளம் வரச் செய்து, உதவிப் படைகளைத் தடுக்க முயன்றனர். பல்லாயிரம் பேர் பலியாகியும் காயமுற்றும் முடிந்த அப்போரின் விளைவாகக் குன்று தெற்கு வசம் நின்றது. 1953 ஜூலை 27இல் போர் நிறுத்தம் கையெழுத்தானபோது படைகள் நின்ற இடமே புதிய கோடாயிற்று. ஜெலுத்தோங் நண்பரே, ஒரே பெயரில் இரு மாவட்டங்கள் இருப்பது இதனால்தான். பழைய ஊர் தரைமட்டமாகிப் போனதால் தெற்கு மாவட்டத்தின் நிர்வாக மையம் தெற்கே கால்மாலில் அமைந்தது.

ஹான்தான் ஆற்றின் மேல் ஒரு பாலம் இருக்கிறது. 1948இல் வடக்கு ஆட்சி கட்டத் தொடங்கி, பாதியில் நின்று, 1958இல் தெற்கு ஆட்சி முடித்த பாலம். இரு பாதிகளின் வளைவுகளும் வடிவத்தில் வேறுபட்டிருப்பதை இன்றும் பார்க்கலாம்.

அடுத்து, சியோர்வோனின் எல்லையோர மக்கள். நம் நாட்டில், கம்யூனிஸ்ட் கிளர்ச்சியை ஒடுக்க 1948இல் அறிவிக்கப்பட்ட அவசரகாலத்தின்போது காட்டோரங்களில் இருந்தவர்களை வேலியிட்ட புதுக்கிராமங்களுக்குக் குடியேற்றியதை நாம் அறிவோம். எங்கள் பக்கத்து ஜின்ஜாங் அப்படி உருவான ஊர்தான். சியோர்வோனில் நடந்தது ஏறத்தாழ எதிர்த்திசையில். போருக்குப் பின் வெறிச்சோடிக் கிடந்த எல்லை நிலத்துக்குள் பொதுமக்களைக் கொண்டுபோய்க் குடியேற்றி, உழவர்களாகவும் காவலர்களாகவும் வாழச் சொன்னார்கள். தேமாரி கிராமம் 1967இலும் யூகோக்ரி கிராமம் 1973இலும் உருவாயின. முன்னாள் படைவீரர்கள் பலர் அவற்றில் குடியேறினர். கண்ணிவெடி புதைந்த தரிசு நிலத்தைத் தம் கைகளாலேயே வயலாக்கிய அவர்களில் பலர் கால்களையும் உயிரையும் இழந்தார்கள். பின்னர், போருக்கு முந்திய உரிமையாளர்கள் பத்திரங்களோடு வந்தபோது, அவ்வளவு பாடுபட்டுத் திருத்திய நிலமும் பலருடைய கையைவிட்டுப் போயிற்று. எல்லைச் சுற்றுலாவைப் பற்றி எழுதுகிறவர்கள் வடகொரியா எல்லைக்கு அடியில் தோண்டி, 1975இல் கண்டுபிடிக்கப்பட்ட சுரங்கப்பாதையைத்தான் முதலில் சொல்கிறார்கள். எனக்கோ இவ்வுழவர்களின் வரலாறே முதலிடம் பெற வேண்டியது.

ஜெலுத்தோங் வாசகர் எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. என் உரையின் தலைப்பையே மாற்ற வேண்டியிருக்கிறது. இரண்டு கேள்விகள் மீதமிருக்கின்றன. மனிதர்கள் விலகியதால் அங்கே இயற்கை தழைத்தது, அதனால்தான் கொக்குகள் வருகின்றன என்று பல இடங்களில் படித்தேன், இது சரியா? கிம்ஹுவா என்ற ஊர் வரைபடத்தில் தனி மாவட்டமாகத் தெரியவில்லையே, ஏன்?

செந்தூல் புவியியல் ஆசிரியர் எழுதியது:

முதல் கேள்வி முக்கியமானது. அந்தக் கூற்று பாதி அளவே உண்மை. தலையுச்சியில் சிவப்புத் திட்டுள்ள பெருங்கொக்குகளும் வெண்கழுத்துக் கொக்குகளும் குளிர்காலத்தில் வடகிழக்கு ஆசியாவிலிருந்து சியோர்வோனுக்கு வருகின்றன. அவை இரவில் ஆழமற்ற நீரில் தங்குவதற்கு மனித நடமாட்டம் இல்லாத இடம் தேவை, அதை எல்லைக் கட்டுப்பாடு தருகிறது. ஆனால் பகலில் அவை உண்பது அறுவடைக்குப் பின் வயலில் சிந்திக் கிடக்கும் நெல்லை. அந்த வயல்கள், அனுமதியின்றிப் பொதுமக்கள் கடக்க முடியாத 'பொதுமக்கள் கட்டுப்பாட்டுக் கோட்டுக்கு' வடக்கே இருந்தாலும் உழவர்கள் ஆண்டுதோறும் பயிர் செய்யும் நிலங்கள். அங்கே விளையும் ஓதே வகை அரிசி நாடெங்கும் பெயர் பெற்றது. வைக்கோலைக் கால்நடைத் தீவனத்துக்காகச் சுருட்டி எடுத்துவிட்டால் பறவைகளுக்கு உணவு குறைந்துவிடும் என்பதால், அதை வயலிலேயே விட்டுவைக்கும் உழவர்களுக்கு இழப்பீடு வழங்கும் ஏற்பாடும் இருக்கிறது. ஆகவே கொக்குகள் காட்டை நம்பி வருவதில்லை. உழுத நிலமும் அமைதியும் ஒரே இடத்தில் கிடைப்பதால் வருகின்றன. வயல்களில் பயிர் வளர்க்கும் பசுமைக்குடில்கள் பெருகினால் எல்லைவேலி இருந்தும் பறவைகளுக்குப் பயனில்லை.

கிம்ஹுவா முன்பு தனி மாவட்டம். அதன் பெரும்பகுதி வடக்கில் போய்விட, தெற்கில் எஞ்சிய பகுதியை 1963இல் சியோர்வோன் மாவட்டத்தோடு சேர்த்துவிட்டார்கள். பழைய வரைபடங்களோடு ஒப்பிடும்போது இதை மனத்தில் கொள்ளுங்கள்.

உங்கள் வட்டத்தினர் எவரேனும் நேரில் போக எண்ணினால், கட்டுப்பாட்டுக் கோட்டுக்கு அப்பால் உள்ள இடங்களுக்கு ஏற்பாடு செய்யப்பட்ட குழுவோடுதான் செல்ல முடியும். கடப்பிதழைக் கையில் வைத்திருக்க வேண்டும். தேபோங் நகருக்குள் போக இயலாவிட்டாலும், சியோர்வோன் அமைதிக் காட்சிக் கூடத்திலிருந்து அது கிடந்த சமவெளியை வடக்கு நோக்கிப் பார்க்கலாம். டிசம்பரிலிருந்து பிப்ரவரிக்குள் போனால் கொக்குகளையும் காணலாம், ஆனால் நம் ஊர்க் குளிராடைகள் அங்கே போதாது.