வெனிஸ் கெட்டோ: கைடோடு நடப்பதா, நாமே சுற்றிப் பார்ப்பதா?

வதனா:

அடுத்த மாதம் அப்பாவைக் கூட்டிக்கொண்டு வெனிஸ் போகிறேன். மொத்தம் இரண்டரை நாள்தான். சான் மார்க்கோ, ரியால்டோ பாலம் எல்லாம் பட்டியலில் இருக்கிறது, ஆனால் அப்பாவுக்கு அதிலெல்லாம் அவ்வளவு நாட்டமில்லை. சரித்திர ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். "யூதர்களை ஒதுக்கிவைத்த குடியிருப்புக்குக் கெட்டோ என்ற சொல்லே அந்த ஊரில் பிறந்ததுதான், அதைப் பார்க்காமல் திரும்பமாட்டேன்" என்று முதலிலேயே சொல்லிவிட்டார்.

விசாரித்தால் ஒருவர், பத்து நிமிடத்தில் பார்த்துவிடலாம், ஒரு சதுக்கமும் நாலு மரமும்தான் என்கிறார். இன்னொருவர் கைடு இல்லாமல் அந்தப் பக்கமே போகாதீர்கள் என்கிறார். எதை நம்புவது? அப்பாவுக்கு 71 வயது, வலது முழங்கால் அடிக்கடி தகராறு செய்யும். படிகள் அதிகமா? எங்களுக்குச் சனிக்கிழமை காலைதான் வசதி.

நாடோடி மணி:

அந்த நாலு மரக்காரன் நான்தான் என்று நினைக்கிறேன்! ரயில் நிலையத்திலிருந்து பத்து நிமிட நடை. போனேன், ஒரு பெரிய திறந்தவெளி, கிணறு, பெஞ்ச், பந்து விளையாடும் பிள்ளைகள். கோயில் மாதிரி, கோபுரம் மாதிரி எதுவும் கண்ணில் படவில்லை. ஒரு காப்பி குடித்துவிட்டுத் திரும்பிவிட்டேன். அமைதியாக இருந்தது, அதைக் குறை சொல்லமாட்டேன்.

பழைய தபால்காரன்:

வதனாம்மா, முதல் வேலையாகச் சனிக்கிழமையை மாற்றுங்கள். அன்று யூதர்களுக்கு சபாத், வாராந்தர ஓய்வு நாள். அங்கிருக்கும் யூத அருங்காட்சியகமும் மூடியிருக்கும், சினகாக் (யூதர்களின் வழிபாட்டுக் கூடம்) சுற்றும் கிடையாது. வெள்ளிக்கிழமையும் சீக்கிரமே மூடிவிடுவார்கள். யூதப் பண்டிகை நாள் எதுவும் குறுக்கே வருகிறதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

இதை எனக்கு யாரும் சொல்லவில்லை என்று பழி போட முடியாது. தெளிவாக எழுதித்தான் இருந்தது, நான்தான் படிக்கவில்லை. சில வருடம் முன்பு ஓர் அக்டோபர் சனிக்கிழமை, நானும் என் மனைவியும் பூட்டிய கதவு முன்னால் போய் நின்றோம். வந்தது வந்தோம் என்று அரை மணி நேரம் சுற்றினோம். நாடோடி மணி பார்த்ததைத்தான் நாங்களும் பார்த்தோம். மனைவி, "இதுக்கா இவ்வளவு தூரம்?" என்றாள்.

மறுநாள் ஞாயிறு, கைடோடு அதே இடத்துக்கு மறுபடி போனோம். அதனால் இரண்டையும் ஒப்பிட்டுச் சொல்லும் தகுதி எனக்கு இருக்கிறது.

கன்னரேஜியோ கால்வாய் ஓரமாக நடந்தால் ஒரு வீட்டுக்கு அடியில் புகுந்து போகிற தாழ்வான வழி வரும். அதுதான் நுழைவாயில். முந்தின நாள் அதன் வழியாகத்தான் தலையைக் குனிந்துகொண்டு விறுவிறுவென்று போயிருந்தோம். கைடு அம்மா எங்களை அங்கேயே நிறுத்தி, பக்கத்துக் கல் தூணைக் காட்டினார். கல்லில் குடைந்த பள்ளங்கள். கதவின் கீல் பொருந்தியிருந்த இடம் அது. ஒன்றில் ஆள்காட்டி விரலை வைத்துப் பார்த்தேன், ஓரமெல்லாம் தேய்ந்து வழுவழுவென்று இருந்தது. 1516 மார்ச் 29ஆம் தேதி போட்ட உத்தரவுப்படி யூதர்கள் எல்லோரும் கெட்டோவுக்குள்தான் குடியிருக்க வேண்டும், இரவில் கதவு பூட்டப்படும். காவலுக்கு நிற்பவர்கள் கிறிஸ்தவர்கள், சம்பளம் கொடுக்க வேண்டியது உள்ளே இருக்கும் யூதர்கள். சுற்றியுள்ள கால்வாயில் இரவு ரோந்து போகும் படகுக்கும் அவர்கள்தான் அழ வேண்டும். "பூட்டறவனுக்குப் பூட்டிக்கிட்டவனே கூலி குடுக்கணுமா?" என்று மனைவி தமிழில் கேட்டாள். கைடு அம்மாவுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். இத்தனை வருடத்தில் இதை இவ்வளவு சுருக்கமாக யாரும் கேட்டதில்லை என்று சிரித்தார். மருத்துவர்களுக்கு மட்டும் இரவில் நோயாளியைப் பார்க்க வெளியே போக அனுமதி உண்டாம். வெளியே இருக்கும் கிறிஸ்தவர்களுக்கு வயிற்று வலி வந்தால் மட்டும் சட்டம் வளைந்து கொடுக்கும்.

அப்புறம் சதுக்கத்துக்குப் போனதும், "ஜன்னல்களை எண்ணுங்கள்" என்றார். ஒரு வீட்டில் கீழிருந்து மேலே ஏழு வரிசை எண்ணினேன். வெனிஸில் வேறு இடங்களில் அவ்வளவு உயரத்தில் குடியிருப்பு நான் பார்க்கவில்லை. ஆரம்பத்தில் 700 பேர் அளவில் இருந்தவர்கள், 17ஆம் நூற்றாண்டில் 5,000ஐ நெருங்கிவிட்டார்கள். நாலு பக்கமும் தண்ணீர், அகலத்துக்கு வழியில்லை. மாடி மேல் மாடி ஏற்றினார்கள், ஒவ்வொரு மாடியின் உயரத்தையும் குறைத்தார்கள். அதனால்தான் ஜன்னல் வரிசைகள் ஒன்றை ஒன்று நெருக்கிக்கொண்டு நிற்கின்றன. அந்த வீடுகளும் அவர்களுக்குச் சொந்தமில்லை. யூதர்கள் நிலம், வீடு வாங்கக்கூடாது, வாடகைதான்.

இனிமேல்தான் விஷயம். நாடோடி மணி கோயில் மாதிரி எதுவும் இல்லை என்றாரே, இருக்கிறது. ஐந்து இருக்கிறது. எல்லாம் வெளியிலிருந்து தெரியாதபடி இருக்கின்றன, சதுக்கத்துப் பக்கம் உள்ளவை வீடுகளின் மேல்மாடியில். உயரத்தில் வரிசையாக ஐந்து பெரிய ஜன்னல் இருக்கிற வீட்டைக் கைடு காட்டினார். ஐந்து ஜன்னல், யூத வேதமான தோராவின் ஐந்து புத்தகங்கள். நான் சனிக்கிழமை அந்த வீட்டுக்கு எதிர் பெஞ்சில் உட்கார்ந்துதான் ஆரஞ்சுப் பழம் உரித்துத் தின்றேன்.

ஏன் மேல்மாடி? கீழே இடமில்லை என்பது ஒன்று. வழிபாட்டுக்கும் வானத்துக்கும் நடுவே இன்னொருவர் குடியிருக்கக்கூடாது என்பது இன்னொன்று. குறுகலான படியில் ஏறி உள்ளே போனால் தங்க முலாம் பூசிய மரவேலை, சிவப்புத் துணி, விளக்குகள். 1528ல் கட்டிய பெரிய ஜெர்மன் சினகாக்கில் அறையே கோணல், நாலு சுவரும் நாலு நீளம். அதை மறைக்கப் பெண்கள் உட்காரும் மேல்தளத்தை முட்டை வடிவில் வளைத்துச் சுற்றிலும் கட்டிவிட்டார்கள். கண் அந்த வளைவைப் பின்பற்றிப் போகிறது, கோணல் தெரிவதில்லை. சுவரைச் சுற்றித் தங்க எழுத்தில் பத்துக் கட்டளைகள். பக்கத்திலேயே உள்ள கான்டன் சினகாக்கில் யூதர்கள் எகிப்திலிருந்து தப்பி வந்த வேதக் கதை: செங்கடலைக் கடந்தது, வானத்திலிருந்து மன்னா என்ற உணவு பொழிந்தது என்று எட்டு மரப்பலகைகளில் காட்சிகள். இவ்வளவு பெரிய கதையில் ஓர் ஆளைக்கூட வரையவில்லை. கடல் இருக்கிறது, கடப்பவர்கள் இல்லை. எனக்கு அதிலேயே ரொம்ப நேரம் போய்விட்டது. கைடு கையைப் பிடித்து இழுக்காத குறை.

உள்ளே படம் எடுக்க விடவில்லை, அதனால் காட்ட என்னிடம் எதுவும் இல்லை. ஆண்கள் தலையை மறைக்க வேண்டும், குல்லா அவர்களே கொடுத்தார்கள். பராமரிப்பு வேலையைப் பொறுத்து எந்தச் சினகாக் திறந்திருக்கும் என்பது மாறும், பதிவு செய்யும்போதே கேட்டுவிடுங்கள்.

பாதுவா பையன்:

தபால்காரர் ஐயா எல்லாம் சொல்லிவிட்டார். நான் பக்கத்து ஊரில் படிக்கிறேன், வருகிற நண்பர்களை எல்லாம் அங்கே கூட்டிப்போவது என் தலையெழுத்து. ஒரு விஷயம் மட்டும் கவனம் அக்கா: சினகாக் உள்ளே போக வேண்டுமென்றால் அருங்காட்சியகம் நடத்தும் சுற்றில்தான் சேர வேண்டும். விருப்பப்பட்டதைக் கொடுங்கள் என்று கூட்டிப்போகும் நடைகள் வெளியிலேயே நின்றுவிடும். அதில் நல்லவர்களும் உண்டு. நான் ஒருமுறை சேர்ந்த குழுவின் கைடு, ஒரு நாடகத்தில் வரும் கற்பனைப் பாத்திரம் "வாழ்ந்த வீடு" என்று ஒன்றைக் கைகாட்டினார். ஒரு பாட்டி அதைப் படமும் எடுத்துக்கொண்டார்.

அப்பா சரித்திர ஆசிரியர் என்பதால் ஒரு புதிர். கெட்டோ நுவோவோ என்றால் புதியது, கெட்டோ வெக்கியோ என்றால் பழையது. ஆனால் யூதர்கள் முதலில் குடியேறியது "புதிய"தில்தான், 1516ல். "பழைய"தைச் சேர்த்தது 1541ல், கிழக்கிலிருந்து வந்த வணிகர்களுக்காக. ஏன் தலைகீழ்? அந்தப் பெயர்கள் யூதர்களைப் பற்றியவை அல்ல, அங்கே முன்பு இருந்த செம்பு வார்ப்படப் பட்டறைகளின் பெயர்கள். வார்ப்பதை அங்கே ஜெத்தோ என்பார்கள். ஜெர்மனியிலிருந்து வந்த யூதர்கள் வாயில் அது கெட்டோ ஆகியிருக்கலாம் என்பது ஒரு கருத்து. அப்பாவிடம் கேட்டுப் பாருங்கள், மாட்டிக்கொள்வாரா என்று.

1797ல் நெப்போலியன் படை வந்ததும் கதவுகளைப் பிடுங்கி எரித்தார்கள். அதோடு கதை முடிந்தது என்று நினைத்துவிடாதீர்கள். சதுக்கத்துச் சுவரில் வெண்கலப் பலகைகள் இருக்கும், 1943, 44ல் பிடித்துக்கொண்டு போகப்பட்ட யூதர்களின் நினைவாக. 200 பேருக்கு மேல். அப்போது சமூகத்தின் தலைவராக இருந்தவர் ஜுசெப்பே யோனா என்ற மருத்துவர். யூதர்களின் பெயர்ப் பட்டியலைக் கொடு என்று ஜெர்மன்காரர்கள் கேட்டார்கள். 1943 செப்டம்பரில், கொடுக்காமல் உயிரை விட்டுவிட்டார். அவர் பெயரில் ஒரு கல் பலகை அங்கே இருக்கிறது, நிறையப் பேர் கவனிக்காமல் போய்விடுகிறார்கள். நடக்கும்போது தரையையும் பாருங்கள், சில வீட்டு வாசலில் அப்படிக் கொண்டுபோகப்பட்டவர்களின் பெயர் பொறித்த பித்தளைக் கற்கள் பதித்திருப்பார்கள்.

சதுக்கத்து ஓரத்தில் ஆயுதத்தோடு காவலர் கூண்டு இருக்கும், பயப்பட வேண்டாம், அதைப் படம் எடுக்கவும் வேண்டாம்.

வதனா:

இரண்டு பேருக்கும் நன்றி. ஞாயிற்றுக்கிழமைக்கு மாற்றிவிட்டேன். புதிருக்கு அப்பா விடை தெரியாமல் முழித்தார், ரொம்ப சந்தோஷம். ஆனால் பதிலுக்கு ஒரு கேள்வி அனுப்பச் சொல்கிறார்: தல்மூத் (யூதர்களின் சட்ட விளக்க நூல்) முதல்முறை முழுசாக அச்சானது வெனிஸில்தானே, அந்த அச்சகம் கெட்டோவில் இருக்கிறதா? அப்புறம் என் முழங்கால் கேள்வியை யாரும் கண்டுகொள்ளவில்லையே!

பழைய தபால்காரன்:

மன்னிக்கணும்மா, பேச்சு சுவாரஸ்யத்தில் விட்டுவிட்டேன். ரயிலடியிலிருந்து நடந்தால் ஒரு பெரிய பாலம் ஏறி இறங்க வேண்டும். அதற்குப் பதில் படகில் வந்து கூலியே நிறுத்தத்தில் இறங்குங்கள் (அப்படித்தான் சொல்கிறார்கள், சிரிக்காதீர்கள்). உள்ளே பழைய பகுதிக்கும் புதிய பகுதிக்கும் நடுவே ஒரு சின்னப் பாலம் உண்டு. கஷ்டம் சினகாக் படிகள்தான். குறுகல், செங்குத்து. என் மனைவிக்கும் மூட்டு வலி, ஒவ்வொரு படியாக இரண்டு காலையும் வைத்து ஏறினாள், பின்னால் வந்த குழு பொறுமையாக நின்றது. இறங்கும்போதுதான் அதிகம் வலித்தது என்றாள். ஆரம்பத்திலேயே கைடிடம் சொல்லிவிடுங்கள். ஒரு சினகாக் மட்டும் ஏறினாலும் போதும். சதுக்கத்தில் பெஞ்சுகளுக்குப் பஞ்சமில்லை.

பாதுவா பையன்:

அப்பாவுக்கு: அச்சகம் கெட்டோவில் இல்லை ஐயா. அச்சிட்ட டேனியல் பொம்பெர்க் யூதரே அல்ல, ஆண்ட்வெர்ப்பிலிருந்து வந்த கிறிஸ்தவர். 1520களின் தொடக்கத்தில் முழுத் தல்மூத்தும் அவரிடம் அச்சாகி முடிந்தது. இன்றும் அதே பக்க அமைப்பில்தான் அச்சிடுகிறார்கள். முப்பது வருடம் போல ஆனதும், 1553 அக்டோபரில் அதே ஊரில் தல்மூத் பிரதிகளைக் குவித்து எரித்தார்கள். எரித்த இடம் சான் மார்க்கோ சதுக்கம்.

இன்னொன்றும் அங்கேதான். காலையில் கெட்டோ கதவைத் திறக்க அடையாளம், சான் மார்க்கோ மணிக்கூண்டில் அடிக்கும் மரங்கோனா மணி. 1902ல் மணிக்கூண்டு இடிந்து விழுந்தபோது அதிலிருந்த மணிகளில் மரங்கோனா ஒன்றுதான் தப்பியது. இப்போதும் நண்பகலிலும் நள்ளிரவிலும் அடிக்கிறார்கள்.

வதனா:

சத்தமாகப் படித்துக் காட்டினேன். சான் மார்க்கோ வேண்டாம் என்றவர் இப்போது, பன்னிரண்டு மணிக்குக் கால் மணி நேரம் முன்பே அங்கே போய் நிற்க வேண்டும் என்கிறார்.