எழுத்து ஒன்று, உச்சரிப்பு வேறு: அரிய ஆங்கிலச் சொற்களை எப்படிச் சரிபார்ப்பது?

கேள்வி

பார்வையற்ற வாசகர்களுக்காகப் பழைய ஆங்கிலக் கடற்கதைகளை வாசித்துப் பதிவு செய்து கொடுக்கிறேன். வாய்க்குப் பழகாத சொல் வந்தால் பதிவை நிறுத்திவிட்டு அகராதியைப் புரட்டுகிறேன். கப்பல் பணியாளர்களின் மேற்பார்வையாளரைக் குறிக்கும் சொல் எழுத்துக்கூட்டினால் 'போட்ஸ்வெய்ன்', அகராதியிலோ 'போஸன்'. கப்பலின் முன்பகுதிக்கு 'ஃபோர்காஸில்' என்று தெரிவது 'ஃபோக்ஸல்'. உணவுப்பொருளைக் குறிக்கும் 'விக்சுவல்ஸ்' உண்மையில் 'விட்டல்ஸ்'. கேட்பவருக்கு எழுத்து தெரியப்போவதில்லை, என் வாயிலிருந்து வருவதுதான் அவருக்குச் சொல். அதனால் குத்துமதிப்பாகச் சொல்லிவிட்டுப் போக மனம் வரவில்லை. இதில் ஏதாவது ஒழுங்கு உண்டா? இணையத்தில் சுற்றும் அரிய சொல் பட்டியல்களை நம்பலாமா?

பதில் 1

எல்லாவற்றுக்கும் ஒரே விதி கிடையாது. ஆனால் சொல் எந்த வழியாக வந்தது என்று பார்த்தால் பாதி பிடிபட்டுவிடும். கப்பல் சொற்கள் மாலுமிகளின் வாயில் தேய்ந்தவை. படகின் மேல்விளிம்பான 'கன்வேல்' வெறும் 'கன்னல்' ஆனது. படகோட்டிகளுக்குக் கட்டளையிடும் 'காக்ஸ்வெய்ன்' 'காக்ஸன்' ஆனார். பேச்சு தேய்ந்தது, எழுத்து அசையவில்லை.

'விட்டல்ஸ்' கதை தலைகீழ். அது பழைய பிரெஞ்சிலிருந்து வந்தபோது அதில் 'சி' எழுத்தே இல்லை. பின்னால் வந்த படிப்பாளிகள் லத்தீன் மூலத்தைக் காட்டுவதற்காக அதை நடுவில் நுழைத்தார்கள். ஜனங்கள் பழையபடியே சொல்லிக்கொண்டிருந்தார்கள். குற்றம்சாட்டுவதைக் குறிக்கும் 'இன்டைட்' சொல்லில் ஊமையாக நிற்கும் 'சி'யும் இப்படி நுழைந்ததுதான். 'டெட்' என்று நாம் சொல்லும் கடனில் இருக்கும் 'பி'யும் அதே கதை.

கிரேக்கத்திலிருந்து வந்தவற்றில் கடைசி 'இ'யை விழுங்கிவிடாதீர்கள். பகுதியைச் சொல்லி முழுமையை உணர்த்தும் அணியின் பெயர் 'சினெக்டகி', 'சினெக்டோச்' அல்ல. 'ஹைபர்பலி', 'எபிடமி' எல்லாம் இந்த வகைதான்.

பதில் 2

மேலே சொன்னது அருமை. நான் சேர்க்க நினைப்பது அழுத்தத்தைப் பற்றி. தமிழில் எந்த அசையை அழுத்தினாலும் பொருள் மாறாது, அதனால் நம் காது அதைக் கவனிப்பதில்லை. ஆங்கிலத்தில் அழுத்தம் தப்பினால் ஒலிகள் சரியாக இருந்தும் சொல் புரியாமல் போகும். சர்வதேச ஒலிக்குறியீட்டில் அழுத்தும் அசைக்கு முன்னால் சிறு செங்குத்துக் கோடு இருக்கும். சில அமெரிக்க அகராதிகள் அதே கோட்டை அசைக்குப் பின்னால் போடும். ஆகவே அகராதியின் குறியீட்டு விளக்கப் பக்கத்தை முதலில் பாருங்கள். தலைகீழான ஆங்கில 'இ' எழுத்து தெரிந்தால் அது மெலிந்த உயிர், முழு 'அ'வாக நீட்டக் கூடாது. ஒலிப்பதிவு கேட்பதானால் மனிதக் குரலில் இருப்பதைக் கேளுங்கள். கணினிக் குரல் அரிய சொல்லை எழுத்தை வைத்து ஊகிக்கக்கூடும்.

பதில் 3

பட்டியல்களைப் பற்றிக் கேட்டீர்களே. 1934-இல் வெளியான வெப்ஸ்டர் பேரகராதியின் இரண்டாம் பதிப்பில் 'டோர்ட்' என்று ஒரு சொல் 'அடர்த்தி' என்ற பொருளோடு அச்சானது. அப்படி ஒரு சொல்லே கிடையாது! அடர்த்திக்கான சுருக்கக் குறி பெரிய 'டி'யாகவோ சின்ன 'டி'யாகவோ வரலாம் என்று ஒரு சீட்டில் எழுதியிருந்தார்கள். 'டி ஆர் டி', அதாவது 'டி அல்லது டி', என்ற அந்தக் குறிப்பை ஒரே சொல்லாக வாசித்து, உச்சரிப்பும் போட்டுவிட்டார்கள். 1939-இல் ஆசிரியர் ஒருவர் அதில் சொற்பிறப்பு இல்லாததைக் கவனித்த பிறகுதான் குட்டு வெளிப்பட்டது.

பேரகராதிக்கே இந்த கதி என்றால் பட்டியல்களைச் சொல்ல வேண்டுமா? சொற்பிறப்பும் பழைய நூலிலிருந்து மேற்கோளும் இருக்கிறதா என்று பாருங்கள். மண்வாசனைக்கான 'பெட்ரிகோர்' புதுச்சொல்தான், ஆனால் பிறப்பு தெளிவாக இருக்கிறது. 1964-இல் இசபெல் பேர், ரிச்சர்ட் தாமஸ் என்ற ஆஸ்திரேலிய விஞ்ஞானிகள் கல்லையும் தெய்வங்களின் குருதியையும் குறிக்கும் கிரேக்கச் சொற்களைச் சேர்த்து உண்டாக்கியது அது.

கேட்டவர்

எல்லோருக்கும் மிக்க நன்றி. அப்புறம் ஒரு சந்தேகம். 'லெஃப்டெனன்ட்' என்பதா, 'லூடெனன்ட்' என்பதா?

பதில் 1

இரண்டும் சரி. அதிகாரி அமெரிக்கர் என்றால் 'லூடெனன்ட்', பிரிட்டிஷார் என்றால் 'லெஃப்டெனன்ட்'. ஒரே கதையில் இரு நாட்டுக் கப்பல்களும் வந்தால் யார் பேசுகிறாரோ அவர் சொல்வது போலவே வாசியுங்கள்.