யுடிஆரில் சித்தப்பா பெயருக்குப் போன பட்டா

கேள்வி: 1976 பதிவுப் பாகப்பிரிவினையில் அப்பாவுக்கு வந்தது வடக்குப் பக்கம் 82 சென்ட். கிணறும் அதில்தான். நில ஆவணங்களைப் புதுப்பித்த யுடிஆர் பணியில் உட்பிரிவு போட்டபோது அது சித்தப்பா பட்டாவில் சேர்ந்துவிட்டது. உழுவது நாங்கள், தீர்வை ரசீது அவர் பெயரில்! அண்ணன் தம்பிக்குள் என்ன பேச்சு என்று அப்பா விட்டுவிட்டார். இப்போது சித்தப்பா மகன் விற்க ஆள் தேடுகிறான். என்ன செய்யலாம்?

பதில் 1: பட்டா மட்டும் உரிமை ஆகாது, பயப்படாதீர்கள். பழைய அ-பதிவேட்டு (ஊர் நிலங்களின் விவரம் உள்ள வருவாய்ப் பதிவேடு) நகலையும் பத்திரத்தையும் வைத்து மாவட்ட வருவாய் அலுவலரிடம் யுடிஆர் திருத்த மனு கொடுங்கள். நான்கு எல்லையையும் புல வரைபடத்தோடு ஒத்துப் பாருங்கள். எனக்கு அங்கேதான் இடித்தது.

பதில் 2: உங்கள் உரிமையையே சித்தப்பா தரப்பு மறுத்தால் உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லிவிடுவார்கள். நிலம் உங்களுடையது என்று அறிவிக்கக் கேட்கும் விளம்புகை வழக்கோடு விற்பனைக்குத் தடையும் கேளுங்கள். வில்லங்கச் சான்று இன்றே போடுங்கள்.

கேள்வி கேட்டவர்: சரி, போட்டுவிட்டேன். பத்திரத்தில் கிணறு தனி வரியாகவே இருக்கிறது. அப்பா இதை ஒருமுறை கூடச் சொன்னதில்லை.