புதுப்பிப்பு: ஆடிட் தாளில் இருந்த 'ஜிடோகா' என்றால் என்ன?

பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி. பெங்களூரு பீன்யாவில் எங்கள் பிரஸ் ஷாப்புக்கு (தகட்டை பிரஸ் மெஷினில் அழுத்தி பீஸ் எடுக்கும் பட்டறை) வந்த ஆடிட் தாளில் "ஜிடோகா உண்டா?" என்று இருந்தது, தகட்டைத் தானாக மெஷினுக்குள் தள்ளும் ஆட்டோ ஃபீடர் இருந்தால் போதுமா என்று கேட்டிருந்தேன்.

போதாது. தறியை வைத்து விளக்கிய கோயம்புத்தூர் அண்ணன் சொன்னதுதான் சரி. ஜப்பானியக் கண்டுபிடிப்பாளர் சகிச்சி டொயோடா 1924-இல் முடித்த ஜி வகைத் தறி, நூல் அறுந்தால் தானாகவே நின்றுவிடும், அதனால் பழுதான துணி நீளமாக நெய்யப்படாது, ஒருவரே பல தறிகளைப் பார்த்துக்கொள்ளலாம். தானாக ஓடுவது வெறும் ஆட்டோமேஷன்; கோளாறு வந்ததும் தானாக நிற்பதுதான் ஜிடோகா. ஜப்பானிய எழுத்திலும் 'அசைவு' என்ற எழுத்தோடு 'மனிதர்' என்ற குறியைச் சேர்த்துத்தான் இதை எழுதுகிறார்கள்.

ஸ்ட்ரிப் (பட்டைத் தகடு) சரியாக நகராவிட்டால் பிரஸ்ஸை நிறுத்தும் சென்சாரைக் காட்டினோம், ஏற்றுக்கொண்டார்கள். சுமை கூடினால் மோட்டாரை நிறுத்தும் ஓவர்லோடு ட்ரிப்பைக் கணக்கில் எடுக்கவில்லை, அது மோட்டாரைக் காப்பாற்றுகிறதே தவிர பீஸைப் பார்ப்பதில்லை, நியாயம்தான்.

எதிர்பார்க்காத கேள்வி அதற்கு அப்புறம்தான் வந்தது: நின்ற பிறகு யார் வருவார், காரணத்தை யார் பார்ப்பார்? மெஷின் நின்று எச்சரிக்கை விளக்கு எரிந்ததும் ஆபரேட்டர் ரீசெட் அழுத்தி ஓட்டிவிட்டால் அது ஜிடோகா ஆகாதாம். இப்போது சூப்பர்வைசர் வந்து காரணத்தை எழுதிய பிறகுதான் ரீசெட். கையால் ஓட்டும் மெஷினிலும் பழுதைப் பார்த்த ஆபரேட்டரே வேலையை நிறுத்தலாம் என்றால் அதுவும் இதே கணக்கில் வரும், அதற்கு சென்சார் வேண்டியதில்லை.