வழக்கு நடக்கும்போது தரப்பினர் இறந்துவிட்டால்: உங்கள் அனுபவங்கள்

பெரம்பூர் உறுப்பினர்:
அப்பா தொடுத்த சொத்து வழக்கு, உயர் நீதிமன்ற வளாகத்தில் உள்ள நகர உரிமையியல் நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தபோதே அவர் காலமாகிவிட்டார். காரியம், வங்கிக் கணக்கு, ஓய்வூதியம் என்று அலைந்ததில் வழக்கின் நினைவே எங்களுக்கு வரவில்லை. அடுத்த வாய்தாவுக்கு நான் மட்டும் போயிருந்தேன். நீதிமன்ற ஊழியரான டவாலி வாசலுக்கு வந்து அப்பாவின் பெயரை மூன்று முறை கூப்பிட்டார். வராந்தா முழுவதும் கேட்ட அந்தப் பெயருக்கு என்ன பதில் சொல்வது என்று தெரியாமல், வழக்குக் கட்டு வைத்திருந்த துணிப்பையை இறுகப் பிடித்தபடி நின்றுவிட்டேன். அப்பா இறந்து அன்று 161ஆம் நாள். வாரிசுகளைச் சேர்க்க 90 நாள்தான் கெடு, தவறினால் வழக்கு தானாகவே அற்றுப்போகும் (அதாவது முடிந்துபோகும்), அதை நீக்கக் கோர மேலும் 60 நாள் உண்டு என்பதெல்லாம் அதற்குப் பிறகுதான் தெரிந்தது. இரண்டு கெடுவும் கடந்துவிட்டதால், தாமதத்தை மன்னிக்க ஒன்று, அற்றுப்போனதை நீக்க ஒன்று, வாரிசுகளைச் சேர்க்க ஒன்று என மூன்று மனுக்கள் போட வேண்டியதாயிற்று. எங்கள் வழக்கறிஞர் முன்பே எச்சரித்திருக்கலாம் என்ற ஆதங்கம் இன்னும் தீரவில்லை.

சைதாப்பேட்டை உறுப்பினர்:
எங்களுடையது கடன் பத்திர வழக்கு. வழக்குப் போடுவதற்கான மூன்று ஆண்டுக் கெடு முடிய இரண்டு வாரமே இருந்த நிலையில் அவசரமாகத் தாக்கல் செய்தோம். அழைப்பாணை கொண்டுபோகும் நீதிமன்ற ஊழியரான அமீனா, அதைச் சேர்ப்பிக்காமல் திருப்பிவிட்டார். அதன் பின்புறம், பிரதிவாதி இறந்துவிட்டதாக அவருடைய மகன் தெரிவித்தார் என்று நீல மையில் எழுதி, இறந்த தேதியையும் குறித்திருந்தார். நாங்கள் வழக்குப் போட்டதற்கு நான்கு நாள் முந்தைய தேதி அது. வழக்கு நடுவில் இறந்திருந்தால் வாரிசுகளைச் சேர்த்துத் தொடரலாம். ஏற்கெனவே இறந்தவர் ஒருவர் மீது மட்டும் போட்ட வழக்கோ தொடக்கத்திலேயே செல்லாது. கெடு முடிவதற்குள் அவருடைய வாரிசுகள் மீது புதிதாக வழக்குப் போட ஓடினோம். அந்த நீல மை எழுத்து இப்போதும் கண்ணில் நிற்கிறது.

புரசைவாக்கம் உறுப்பினர் (வழக்கறிஞர் குமாஸ்தா):
பெரம்பூர் நண்பர் வழக்கறிஞரைக் குறை சொல்வதை என்னால் ஏற்க முடியவில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 22, விதி 10-அ-வின்படி, தம் கட்சிக்காரர் இறந்தது தெரியவந்தால் நீதிமன்றத்துக்குத் தெரிவிப்பது வழக்கறிஞரின் கடமை. ஆனால் குடும்பத்தார் ஒரு தொலைபேசி அழைப்பாவது செய்யாமல் அவருக்கு எப்படித் தெரியும்? எங்கள் அலுவலகத்திலேயே ஒரு பெரியவர், இரு தரப்பு வாதமும் முடிந்து தீர்ப்புக்கு ஒத்திவைத்த பிறகு இறந்தார். விதி 6 இருப்பதால் வழக்கு அற்றுப்போகாமல் தீர்ப்பு வந்தது. கேட்காமலே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழுக்காகக் காத்திருந்து 90 நாளைக் கோட்டை விடாதீர்கள். மாநகராட்சியின் இறப்புச் சான்றிதழோடு மனுவைப் போட்டுவிட்டு, மற்றதைப் பிறகு கொடுக்கலாம். வாரிசுகளில் ஒருவரையும் மறைக்காதீர்கள், சண்டை போட்டுக்கொண்டு போன தங்கையாக இருந்தாலும் சரி. எதிர்த்தரப்பில் யாராவது இறந்ததாகக் காதில் விழுந்தால் அன்றைக்கே விசாரியுங்கள், கெடு உங்களுக்குத்தான் ஓடுகிறது. பிரதிவாதியின் வாரிசாக உங்களைச் சேர்த்தால் பயப்பட வேண்டாம். இறந்தவரிடமிருந்து உங்கள் கைக்கு வந்த சொத்தின் அளவுக்குத்தான் அவருடைய கடனுக்கு நீங்கள் பொறுப்பு. அவதூறு போன்ற, ஆள் இறந்தால் அவரோடு முடிந்துபோகும் வழக்குகள் மட்டும் வேறு.

பெரம்பூர் உறுப்பினர்:
ஐயா சொல்வது உண்மைதான், நாங்கள் அவருக்குத் தெரிவிக்கவில்லை. எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லி மூன்று மனுக்களையும் அனுமதித்தார்கள். திருத்திய பிராதில் அப்பாவின் பெயருக்குப் பக்கத்தில் "இறந்துவிட்டார்" என்றும், அதன் கீழே இரண்டாம் வாதியாக அம்மாவின் பெயரும் இருந்தன. அந்தப் பக்கத்தில் கையெழுத்துப் போடுவதற்கு அம்மாவுக்கு வெகுநேரம் ஆயிற்று.