ஓஸ்லோவை உடைத்தது குண்டுகளா, குடியேற்றங்களா?

வண்டல்:
2025 செப்டம்பரில் பிரிட்டன், கனடா, ஆஸ்திரேலியா, பிரான்ஸ் என்று வரிசையாகப் பாலஸ்தீனத்தைத் தனி நாடாக அங்கீகரித்தார்கள். நல்லது. ஆனால் அந்த நாட்டின் எல்லை எது என்று கேட்டால், 1993-ல் இருந்ததைவிட இன்று பதில் சொல்வது கஷ்டம்.

காரணம், 1993-ல் இஸ்ரேலும் பாலஸ்தீன விடுதலை இயக்கமும் (பி.எல்.ஓ.) போட்ட ஓஸ்லோ சமாதான ஒப்பந்தத்துக்குள்ளேயே இருக்கிறது என்பது என் கருத்து. எல்லை, ஜெருசலேம், அகதிகள், போரில் பிடித்த நிலத்தில் இஸ்ரேல் கட்டிய ஊர்களான குடியேற்றங்கள், பாதுகாப்பு எல்லாவற்றையும் கடைசியில் பேசிக்கொள்ளலாம் என்று தள்ளிவைத்தார்கள். இடைக்காலம் ஐந்து ஆண்டுகள். அதுவரை நிலத்தில் யாரும் கைவைக்கக் கூடாது என்று அழுத்தமாக எழுதி வாங்கவில்லை. நம் ஊர் பாகப்பிரிவினை வழக்கில்கூட, தீர்ப்பு வரும்வரை இருப்பது இருந்தபடி இருக்கட்டும் என்று கோர்ட் முதலில் உத்தரவு போட்டுவிடும். இங்கே அது நடக்கவில்லை. 1993-ல் மேற்குக் கரையில், கிழக்கு ஜெருசலேமைச் சேர்க்காமல், ஏறக்குறைய 1,10,000 இஸ்ரேலியக் குடியேறிகள் இருந்தார்கள். இன்று ஐந்து லட்சம். பேச்சுவார்த்தை நடந்த ஆண்டுகளிலும் எண்ணிக்கை ஏறிக்கொண்டேதான் இருந்தது.

கோட்டைமேடு:
வண்டல் சார், பாதிக் கதையைச் சொல்கிறீர்கள். இடைக்காலம் எதற்கு வைத்தார்கள்? இரண்டு பக்கமும் ஒருவரை ஒருவர் நம்பப் பழகுவதற்கு. அந்த நம்பிக்கையைக் கொன்றது வீடு கட்டியது அல்ல, பேருந்தில் வெடித்த குண்டு. 1994 ஏப்ரலில் இஸ்ரேலின் அஃபுலா நகரம். அதே ஆண்டு அக்டோபரில் டெல் அவிவ் நகரப் பேருந்து. 1996 பிப்ரவரி, மார்ச்சில் ஜெருசலேம், அஷ்கெலோன், டெல் அவிவ் என்று சில நாட்களுக்குள் ஐம்பதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். ஓஸ்லோவில் கையெழுத்திட்ட இஸ்ரேல் பிரதமர் ராபின் கொல்லப்பட்ட அனுதாபத்தில் முன்னணியில் இருந்த, அவருக்கு அடுத்துப் பிரதமரான ஷிமோன் பெரெஸ், அந்த மே மாதத் தேர்தலில் ஒரு சதவீதத்துக்கும் குறைவான வித்தியாசத்தில் நெதன்யாகுவிடம் தோற்றார். சமாதானத்துக்கு ஓட்டுப் போட இருந்த மக்களை, ஓஸ்லோவை எதிர்த்த பாலஸ்தீன ஆயுத இயக்கமான ஹமாஸ்தான் எதிர்ப்பக்கம் தள்ளியது.

இன்னொன்று. குடியேற்றங்களை நிறுத்த வேண்டும் என்ற வரி ஒப்பந்தத்தில் இல்லை என்பது பி.எல்.ஓ. தலைவர் அராபத்துக்குத் தெரியும். தெரிந்துதான் கையெழுத்துப் போட்டார்.

வண்டல்:
அவருக்குத் தெரியும், ஒத்துக்கொள்கிறேன். எச்சரித்தவர்களும் இருந்தார்கள். ஓஸ்லோவுக்கு முன் நடந்த மாட்ரிட் சமாதான மாநாட்டிலும் அப்புறம் வாஷிங்டனிலும் பாலஸ்தீனக் குழுவுக்குத் தலைமை வகித்த காசா மருத்துவர் ஹைதர் அப்துல் ஷஃபி, குடியேற்றம் நிற்காமல் வேறு எதையும் பேசிப் பயனில்லை என்று அடித்துச் சொன்னார். அவருடைய குழுவுக்கே தெரியாமல் ஓஸ்லோவில் ரகசியமாக வேறொரு பேச்சு நடந்து முடிந்தது. துனிஸில் ஒதுங்கிக் கிடந்த பி.எல்.ஓ. தலைமைக்கு அங்கீகாரம் தேவைப்பட்டது, வாங்கிக்கொண்டது. அதற்கான விலையை மேற்குக் கரைக் கிராமத்துக்காரர்கள் இன்றுவரை கொடுக்கிறார்கள்.

ஆனால் வரியே இல்லை என்று சொல்லாதீர்கள். 1995-ல் வந்த இரண்டாம் ஓஸ்லோ ஒப்பந்தத்தின் 31-வது பிரிவைப் பாருங்கள். இறுதிப் பேச்சு முடியும்வரை மேற்குக் கரை, காசாவின் நிலையை மாற்றும் எந்த நடவடிக்கையையும் இரு தரப்பும் எடுக்கக் கூடாது என்று இருக்கிறது. ஒரு குன்றின் மேல் புதிதாக நூறு வீடு கட்டி, அதற்கென்று தனி சாலை போடுவது நிலையை மாற்றுவது இல்லையென்றால் வேறு எது?

அஃபுலாவுக்கு முன்னால் மேற்குக் கரை நகரமான ஹெப்ரான் இருக்கிறது. 1994 பிப்ரவரி 25, ரமலான் மாதம், இப்ராஹிமி மசூதியில் தொழுதுகொண்டிருந்த 29 பேரை பாருக் கோல்ட்ஸ்டைன் என்ற குடியேறி சுட்டுக் கொன்றான். ஹெப்ரான் நகருக்குள் இருந்த குடியேறிகளை வெளியேற்றலாமா என்று ராபின் யோசித்தார். செய்யவில்லை. மாறாக, ஊர்க்காரர்கள்மீதுதான் ஊரடங்கு விழுந்தது. அன்றைக்கு அவர் அந்தச் சில நூறு பேரை வெளியேற்றியிருந்தால், ஒப்பந்தத்துக்கு உயிர் இருக்கிறது என்று இரண்டு பக்கமும் நம்பியிருக்கும்.

கோட்டைமேடு:
ஹெப்ரான் படுகொலையை எந்த நல்ல மனிதனும் நியாயப்படுத்த மாட்டான். ராபினே நாடாளுமன்றத்தில் கடுமையாகக் கண்டித்தார். ஆனால் ஹமாஸ் தற்கொலைத் தாக்குதலை அதற்குப் பிறகுதான் ஆரம்பித்தது என்பது தவறு. 1993 ஏப்ரலிலேயே, ராபினும் அராபத்தும் வெள்ளை மாளிகையில் கைகுலுக்குவதற்கு முன்பே, ஜோர்டான் பள்ளத்தாக்கில் முதல் தாக்குதல் நடந்துவிட்டது. பழிவாங்கல் அவர்களுக்கு ஒரு சாக்கு.

சரி, நிலத்துக்கே வருகிறேன். 2000 ஜூலையில் அமெரிக்காவின் கேம்ப் டேவிட்டில் நடந்த பேச்சில் இஸ்ரேல் பிரதமர் பாரக் மேற்குக் கரையின் பெரும்பகுதியைத் தர முன்வந்தார். டிசம்பரில் அமெரிக்க அதிபர் கிளிண்டனின் யோசனையில் 94 முதல் 96 சதவீதம், அதற்கு மேல் நிலப் பரிமாற்றம். ஜெருசலேமில் அரபுப் பகுதிகள் பாலஸ்தீனத்துக்கு. 2008-ல் இஸ்ரேல் பிரதமர் ஓல்மர்ட், அராபத்துக்குப் பிறகு வந்த பாலஸ்தீன அதிபர் அப்பாஸிடம் வரைபடத்தையே காட்டினார். ஒரு தடவைகூட சரி என்ற பதில் வரவில்லை. எத்தனை தடவை கேட்பது?

தாமரைக்குளம்:
இடையில் வருவதற்கு மன்னிக்கவும். இந்த 'கொடுத்தார்கள், மறுத்தார்கள்' கதையைத் தேதி வாரியாகப் பார்க்க வேண்டும்.

கேம்ப் டேவிட்டில் எழுத்தில் எதுவும் கொடுக்கப்படவில்லை. பாரக்கின் வெளியுறவு அமைச்சராக இருந்த ஷ்லோமோ பென் அமி, தான் பாலஸ்தீனராக இருந்திருந்தால் கேம்ப் டேவிட்டைத் தானும் ஏற்றிருக்க மாட்டேன் என்று பிற்பாடு பொதுவெளியிலேயே சொன்னார். பேச்சில் உட்கார்ந்திருந்தவர் அவர், அவருக்குத் தெரியாதா? கிளிண்டன் யோசனைகள் அதைவிட மிக நல்லவை. இரண்டு தரப்பும் நிபந்தனைகளோடுதான் அதை ஏற்றன. ஆனால் அது வந்தது 2000 டிசம்பர் 23. கிளிண்டன் பதவி முடிவது ஜனவரி 20. பாரக் பிப்ரவரி 6-ல் தேர்தலில் நிற்கிறார், தோற்பார் என்று எல்லோருக்கும் தெரியும். எகிப்தின் தாபாவில் கடைசி வாரம் பேசினார்கள், இதுவரை இவ்வளவு நெருங்கியதில்லை என்று கூட்டறிக்கை விட்டார்கள், தேர்தலில் ஜெயித்து ஷரோன் வந்தார், முடிந்தது. ஓல்மர்ட்டும் அப்படித்தான். ஊழல் விசாரணையில் பதவி விலகுவதாக அறிவித்துவிட்ட மனிதர், வரைபடத்தைக் காட்டினார், பிரதியைக் கையில் கொடுக்கவில்லை. அப்பாஸ் ஒரு காகிதத்தில் கையால் வரைந்துகொண்டு போனார். மூன்றும் பதவி முடியும் நேரத்தில் வந்தவை.

அதற்காக அராபத்தை நான் விடுவிக்க மாட்டேன். கிளிண்டன் யோசனைக்கு அவர் தயங்கிய பத்து நாட்கள் அவருடைய மக்களுக்குச் செய்த பெரிய துரோகம். வாங்கி வைத்துக்கொண்டு பிறகு சண்டை போட்டிருக்கலாம்.

நூலகவாசி:
1967 போரில் எகிப்திடமிருந்து இஸ்ரேல் பிடித்த சினாயைப் பற்றி யாரும் பேசவில்லையே. 1979 உடன்படிக்கைப்படி இஸ்ரேல் 1982 ஏப்ரலுக்குள் முழு சினாயையும் எகிப்துக்குத் திருப்பிக் கொடுத்தது. யாமித் என்ற குடியேற்ற ஊரையே இடித்துத் தரைமட்டமாக்கியது. செங்கடல் ஓரம் தாபா என்ற சின்னக் கடற்கரை மட்டும் பாக்கி, ஒரு சதுர கிலோமீட்டர் இருக்கும், இஸ்ரேல் அங்கே ஹோட்டல் கட்டியிருந்தது. சண்டை போடாமல் ஐந்து பேர் கொண்ட நடுவர் மன்றத்துக்குப் போனார்கள். பழைய எல்லைக் கற்கள் எங்கே இருந்தன என்று ஆவணம் ஆவணமாகத் தேடினார்கள். 1988-ல் எகிப்துக்குச் சாதகமாகத் தீர்ப்பு, 1989-ல் நிலம் கைமாறியது. அந்த எல்லை இன்றும் நிற்கிறது. எல்லையை வரைந்து, நடுவரையும் ஒத்துக்கொண்டால் காரியம் நடக்கும்.

கோட்டைமேடு:
நூலகவாசி, சினாய் வேறு, மேற்குக் கரை வேறு. சினாய் பெரிய பாலைவனம், நடுவில் படை இல்லாத பகுதி வைக்க இடம் இருந்தது. மேற்குக் கரையின் ஓரத்தில் உள்ள துல்கரம் பக்கத்திலிருந்து மத்திய தரைக்கடல் ஏறக்குறைய 15 கிலோமீட்டர்தான். இஸ்ரேல் மக்களில் பெரும்பாலோர் வாழும் கடற்கரைச் சமவெளியும் விமான நிலையமும் அந்த மலைகளின் கீழே இருக்கின்றன. 2005-ல் காசாவிலிருந்து 21 குடியேற்றங்களை ஷரோன் பிடுங்கினார். ராணுவமே போய்ச் சொந்த மக்களைத் தூக்கி வெளியே வைத்தது. இரண்டு ஆண்டில் ஹமாஸ் கையில் காசா. அப்புறம் ராக்கெட், அப்புறம் 2023 அக்டோபர் 7, ஏறக்குறைய 1,200 பேர் கொலை, 251 பேர் பணயக்கைதிகள். குடியேற்றம்தான் பிரச்சினை என்றால் காசாவில் அது இல்லாமல் போன பிறகு என்ன நடந்தது? காசா எல்லையோரத்து ஸ்டெரோட்டில் குழந்தை வளர்க்கும் ஒரு தாயிடம் மலையையும் கொடு என்று நான் எப்படிச் சொல்வேன்?

வண்டல்:
அக்டோபர் 7 கொடூரம். அதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. அதன் பிறகு காசாவில் பல்லாயிரம் பேர் செத்ததிலும் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை, அங்கேயும் தாய்கள் இருக்கிறார்கள்.

காசாவை ஒப்பந்தம் போட்டுக் கொடுக்கவில்லை என்பதுதான் நான் சொல்வது. ஷரோன் ஒருதலையாக வெளியேறினார். அப்பாஸிடம் பேசி, அவர் கையில் சாவியைக் கொடுத்து வெளியேறவில்லை. பேச்சுக்காரருக்கு ஒன்றும் கிடைக்கவில்லை, துப்பாக்கிக்காரர் தன்னால்தான் கிடைத்தது என்று சொல்லிக்கொண்டார். 2006 ஜனவரித் தேர்தலில் ஹமாஸ் ஜெயித்ததில் அது தெரிந்தது. மலை உயரம் பற்றிய பயத்துக்கு கிளிண்டன் யோசனையில் பதில் இருந்தது. படையில்லாத பாலஸ்தீனம், சர்வதேசப் படை, இஸ்ரேல் வசம் மூன்று முன்னெச்சரிக்கை நிலையங்கள். பாதுகாப்புக்கு ராணுவ முகாம் போதும். பள்ளிக்கூடமும் நீச்சல் குளமும் உள்ள ஊர் தேவையில்லை.

இன்றைய வரைபடத்தைப் பாருங்கள். மேற்குக் கரையில் ஏறக்குறைய 60 சதவீதம், ஓஸ்லோ ஏற்பாட்டில் 'சி' என்று பிரித்த பகுதி, முழுக்க இஸ்ரேல் கட்டுப்பாடு. பாலஸ்தீன ஊர்கள் அதற்குள் தீவு தீவாக நிற்கின்றன. ஐந்து ஆண்டுக்கென்று போட்ட பிரிவினை முப்பது ஆண்டாக நீடிக்கிறது. 2025 ஆகஸ்டில் ஜெருசலேமுக்கும் மாலே அதுமிம் குடியேற்றத்துக்கும் நடுவே உள்ள 'ஈ-1' நிலத்தில் ஏறக்குறைய 3,400 வீடுகளுக்கு அனுமதி கொடுத்தார்கள். ரமல்லாவையும் பெத்லகேமையும் கிழக்கு ஜெருசலேமோடு இணைக்க மிச்சமிருக்கும் நிலம் அதுதான். பாலஸ்தீன நாடு என்ற எண்ணத்தையே இது புதைத்துவிடும் என்று அப்போதைய இஸ்ரேல் நிதி அமைச்சர் ஸ்மோட்ரிச் வெளிப்படையாகவே சொன்னார். கோட்டைமேடு சார், இது எந்தத் தாயின் பாதுகாப்புக்கு?

கோட்டைமேடு:
ஈ-1-ஐ நான் ஆதரிக்கவில்லை. ஸ்மோட்ரிச்சையும் ஆதரிக்கவில்லை. ஆனால் நாளைக்கே அந்த வீடுகளை நிறுத்தினாலும், எதிரில் உட்கார யார்? அப்பாஸ் 2005-ல் நான்கு ஆண்டுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டவர், அதற்குப் பிறகு அதிபர் தேர்தலே இல்லை. அவர் கையெழுத்து காசாவில் செல்லுமா?

தாமரைக்குளம்:
நியாயமான கேள்வி. அதற்குத் தேர்தல்தான் வழி. 2021-ல் அறிவித்த தேர்தலை அப்பாஸ் தள்ளிவைத்தபோது, கிழக்கு ஜெருசலேமில் வாக்குப்பதிவுக்கு இஸ்ரேல் உறுதி தரவில்லை என்பதைக் காரணமாகச் சொன்னார். தோற்றுவிடுவோம் என்ற பயமும் அவருக்கு இருந்தது என்றே நினைக்கிறேன். ஆனால் 1996-லும் 2006-லும் அங்கே தபால் நிலையங்களில் ஓட்டுப் போட்டார்கள். அதை மறுபடி அனுமதித்தால் அப்பாஸிடம் சாக்கு மிஞ்சாது. அங்கீகாரம் கொடுத்த நாடுகள் முதலில் கேட்க வேண்டியது இதைத்தான்.