ஷஹீதைக் (மார்க்கத் தியாகியைக்) குளிப்பாட்டாமல் அடக்குவது எப்போது? தற்கொலைத் தாக்குதலில் இறந்தவருக்கு அது பொருந்துமா?

கேள்வி:
அஸ்ஸலாமு அலைக்கும். ஷஹீதின் மையித்தைக் (உடலைக்) குளிப்பாட்டாமல் உடுத்திய உடையோடு அடக்குவார்கள் என்கிறார்கள். வெள்ளத்தில் இறந்தவரும் ஷஹீத்தான் என்கிறார்கள். அவருக்கும் இதே முறையா? உடம்பில் குண்டைக் கட்டிக்கொண்டு வெடிப்பவரையும் சில இயக்கங்கள் ஷஹீத் என்கின்றன. ஃபிக்ஹில் (மார்க்கச் சட்டத்தில்) இதற்கு இடமுண்டா? ஆதாரத்தோடு சொல்லுங்கள்.

பதில் 1:
வ அலைக்குமுஸ்ஸலாம். குழப்பம் வருவது ஒரே சொல்லுக்குள் இரண்டு வகை இருப்பதால். கொள்ளைநோயில், வயிற்று நோயில், நீரில் மூழ்கி, இடிபாட்டில் சிக்கி இறந்தவர்களையும் புகாரி நூலில் வரும் ஹதீஸ் (நபிமொழி) ஷஹீத் என்கிறது. பிரசவத்தில் இறக்கும் பெண்ணும் வேறு அறிவிப்பில் உண்டு. இவர்களுக்கு மறுமையில்தான் அந்தக் கூலி. இவ்வுலகில் வழக்கம்போல் குளிப்பாட்டி, ஆணுக்கு 3 துணி, பெண்ணுக்கு 5 துணி கபனிட்டு (உடலைத் துணியால் சுற்றி), 4 தக்பீரோடு ('அல்லாஹு அக்பர்' என்று 4 முறை கூறி) தொழுவிக்க வேண்டும்.

குளிப்பாட்டாமல் அடக்குவது போர்க்களத்தில் எதிரியால் கொல்லப்பட்டவரை மட்டுமே. ஹிஜ்ரி 3-இல் உஹத் போரில் சுமார் 70 பேர் இரத்தத்தோடேயே அடக்கப்பட்டார்கள். ஆயுதம், கவசம், தோல் உடை கழற்றப்படும். துணி அப்படியே இருக்கும். அன்று துணிக்குப் பஞ்சம். இருவரை ஒரே துணியில் சேர்த்து, குர்ஆன் அதிகம் தெரிந்தவரை முதலில் கப்ரில் வைத்தார்கள். முஸ்அப் இப்னு உமைருக்கு இருந்தது ஒரே போர்வை: தலையை மூடினால் கால் தெரிந்தது. தலையை மூடி, காலுக்கு இத்கிர் புல் போட்டார்கள்.

தொழுகையில் மத்ஹப் (சட்ட வழி) பிரிகிறது. ஷாபிஈயில் இவர்களுக்கு ஜனாஸா (இறந்தவருக்கான) தொழுகை இல்லை, ஹனபியில் உண்டு. ஷாபிஈ வழியிலுள்ள காயல்பட்டினத்தில் கேட்கும் பதிலும் ஹனபி வழியிலுள்ள ராவுத்தர் ஊர்களில் கேட்கும் பதிலும் வேறாக இருப்பது இதனால்தான். காயத்தோடு தூக்கி வரப்பட்டு, உண்டு குடித்து, பிறகு இறந்தால் குளிப்பாட்ட வேண்டும் என்கிறது ஹனபி. இரண்டாம் கலீஃபா உமர் (ரலி) கத்திக்குத்துப்பட்டு சில நாளில் இறந்தார்கள். குளிப்பாட்டித் தொழுதே அடக்கினார்கள்.

பதில் 2:
இரண்டாம் கேள்விக்கு வருகிறேன். 'உங்களை நீங்களே கொன்றுகொள்ளாதீர்கள்' என்கிறது குர்ஆன் 4:29. கடுமையாகப் போரிட்ட ஒருவரை நபி (ஸல்) நரகவாசி என்றார்கள், மக்கள் திகைத்தார்கள். அவர் காயத்தின் வலி தாங்காமல், வாளின் பிடியைத் தரையில் ஊன்றி முனையை மார்பில் வைத்து அழுத்தி உயிரை விட்டார். கைபர் போரில் நபித்தோழர் ஆமிர் இப்னுல் அக்வஃ வீசிய வாள் குட்டையானது. திரும்பி அவர் முழங்காலிலேயே பாய்ந்து இறந்தார். அவருடைய அமல் (நற்செயல்) வீணானது என்று பேசியவர்களை மறுத்து, அவருக்கு இரட்டைக் கூலி என்றார்கள் நபி (ஸல்). இரண்டையும் சேர்த்துப் படியுங்கள். தன் ஆயுதத்தால் இறந்தாரா என்பதல்ல, தன்னைக் கொல்லவே நாடினாரா என்பதுதான் கேள்வி.

தற்கொலைத் தாக்குதலை ஆதரிப்பவர்கள் யமாமா போரைக் காட்டுவார்கள். அங்கே நபித்தோழர் பராஃ இப்னு மாலிக் மதிலுக்கு அப்பால் எதிரிகளிடையே தனியாகக் குதித்தார். ஆனால் அவர் போரிடக் குதித்தார், உயிரோடும் திரும்பினார். ஆபத்துக்குள் போவதும் சாவைத் தன் கையால் முடிப்பதும் ஒன்றல்ல. எகிப்திய அறிஞர் யூசுஃப் அல்-கர்ளாவி பாலஸ்தீனத்துக்கு மட்டும் இத்தகைய தாக்குதலை அனுமதித்தார் என்பதையும் சொல்லியாக வேண்டும். சவூதி அறிஞர் இப்னு உஸைமீன் அது தற்கொலை என்றே தீர்ப்புச் சொன்னார். பெண்களையும் குழந்தைகளையும் கொல்வதை நபி (ஸல்) போரிலேயே தடுத்திருக்கிறார்கள். அப்படியிருக்க, சந்தையிலும் தேவாலயத்திலும் பள்ளிவாசலிலும் வெடிப்பதற்கு எந்த வாசலும் திறக்காது.

பதில் 3:
நடைமுறையிலும் இது வந்திருக்கிறது. 2008 மும்பைத் தாக்குதலை நடத்தி, கொல்லப்பட்ட 9 பேரை அடக்க அந்நகர முஸ்லிம் அறக்கட்டளை இடம் தர மறுத்தது. 2010 ஜனவரியில் அரசு இரகசியமாக அடக்கியது. இலங்கையில் 2019 ஏப்ரல் 21 ஈஸ்டர் தாக்குதலுக்குப் பிறகு, குண்டுதாரிகளின் உடல்களை ஏற்க மாட்டோம் என்று அகில இலங்கை ஜம்இய்யத்துல் உலமா அறிவித்தது.

இதை வைத்து, மன நோயிலோ விரக்தியிலோ தற்கொலை செய்தவரின் மையித்தை ஜமாஅத் ஒதுக்குவது தவறு. அம்பு முனையால் தன்னைக் கொன்றவருக்கு நபி (ஸல்) தாங்கள் தொழவில்லை என்பது முஸ்லிம் ஹதீஸ் நூலில் உள்ளது. பெரும்பாலான அறிஞர்கள் அதை எச்சரிக்கை என்றே விளங்கினார்கள். குளிப்பாட்டல், கபன், தொழுகை மூன்றும் ஊர்மீது கடமையாகவே நிற்கின்றன. பெரிய ஆலிம் விலகி நின்றாலும், ஜமாஅத்தில் வேறொருவர் முன்னின்று தொழுவிக்க வேண்டும்.